சாயந்திரம் வந்துடுவான்

எல்லைக்கு அப்பால் நம் ராணுவம் குண்டு போட்ட செய்தி வந்த வாரம் காலடிப்பேட்டையில் சரவெடிச் சத்தம் ஓயவில்லை. அந்த ஜோரில்தான் தெருச் சங்கத் தலைவர் கருணாகரனுக்கு யேசுதாஸின் ஞாபகம் வந்தது. நம் தெருவிலேயே ஒரு பட்டாளத்துக்காரர் இருக்கும்போது சும்மா விடலாமா? யேசுதாஸின் மனைவி சிலுவையம்மாளிடம் பழைய போட்டோ ஒன்றை வாங்கிப்போய், இருபதடி பேனராக அடித்து மறுநாளே மாட்டிவிட்டார். இருபத்தொரு வயது யேசுதாஸ், தோளில் துப்பாக்கி, பின்னால் பனைமரங்கள். கீழே கொட்டை எழுத்தில், ‘இலங்கை சென்று வந்த எங்கள் வீரச் சிங்கம்’.

கண்டெய்னர் யார்டில் காவல் வேலை முடித்து வந்த யேசுதாஸ் அதைப் பார்த்ததும் சைக்கிளை விட்டு இறங்கிவிட்டார். பேனருக்கு நேர் எதிரே ஞானபாக்கியத்தின் தையல் கடை.

ஞானபாக்கியம் இலங்கைப் பருத்தித்துறைக்காரி. பன்னிரண்டு வயதில் படகேறி வந்து, கும்மிடிப்பூண்டி அகதி முகாமில் வளர்ந்து, ஆறு வருடத்துக்கு முன்னால் இந்தத் தெருவில் கடை போட்டவள். யேசுதாஸை வாய் நிறைய ‘அண்ணை’ என்பாள். கிறிஸ்துமஸுக்கு இவர்கள் வீட்டுக் கேக் அங்கே போகும். அங்கேயிருந்து பயத்தம் பணியாரம் வரும். அவர் பட்டாளத்தில் இருந்தது அவளுக்குத் தெரியும். எந்த ஊரில் என்று கேட்டால் காஷ்மீர்ப் பனியைப் பற்றிப் பேசி மழுப்பிவிடுவார்.

அன்று அவள் மெஷினிலிருந்து தலை நிமிரவில்லை. மறுநாள், சிலுவையம்மாள் கொடுத்திருந்த ரவிக்கைத் துணி வெட்டாமலே திரும்பி வந்தது.

யேசுதாஸ் நேராகக் கருணாகரன் வீட்டுக்குப் போனார்.

“அந்த பேனர அவுத்துடு மாமு.”

“இன்னா நைனா, உனுக்குப் பெருமதானே?”

“எதுத்தாப்புல கட வச்சிகினு கீறவ மூஞ்சிய பார்த்தியா நீ?”

“இந்த நேரத்துல அவுத்தா ஜனம் இன்னா சொல்லும்? உன்ன தேசத்துக்கு ஆகாதவன்னு பேசுவாங்கோ.”

“பேசட்டும்.”

பட்டப்பகலில் ஏணி வைத்து ஏறி, நாலு கயிற்றையும் அவரே அறுத்தார். யாரோ செல்போனில் படம் எடுத்தார்கள். யாரோ கூவினார்கள். பேனரைச் சுருட்டிக் கருணாகரன் வாசலில் வைத்துவிட்டுத் தையல் கடைக்கு வந்து நின்றார்.

“ஆறு வருஷம் அண்ணை,” என்றாள் ஞானபாக்கியம். “ஒரு நாளாவது சொல்லியிருக்கலாமே.”

“சொன்னா பேச மாட்டியோன்னு பயந்துகினு இருந்தேம்மா.”

“பேனரைக் கழட்டினா அங்கை போனது இல்லையெண்டு ஆயிடுமோ?”

மனைவியிடம்கூட முழுதாகச் சொல்லாத ஒன்றைச் சொல்ல ஆரம்பித்தார்.

அவர் இருந்த குழுவில் தமிழ் தெரிந்தவர் அவர் ஒருவர்தான். அமைதி காக்கப் போன படை, வீடு வீடாகச் சோதனை போட்டுக்கொண்டிருந்த காலம். ஒரு கிராமத்தில் குமாரவேல் என்கிற பதினேழு வயதுப் பையனை விசாரணைக்கு லாரியில் ஏற்றினார்கள். அவன் அம்மா செல்லம்மா ஓடி வந்து யேசுதாஸின் கையைப் பிடித்துக்கொண்டாள். தமிழ் பேசுகிற கை என்பதால்.

“பயப்படாதம்மா, சாயந்திரம் வந்துடுவான்னு சொல்லிட்டேன். யாரும் எங்கிட்ட அப்டி சொல்லல. அவ கைய எடுக்கணுமேன்னு சொன்னது. சாயந்திரம் அவன விடல. மறுநா காலைல என்ன திருகோணமலைக்கு மாத்திட்டாங்கோ. முப்பத்தேழு வருஷமாச்சு. அந்தப் பையன் இன்னா ஆனான்னு தெரியாது.”

ஞானபாக்கியம் கையிலிருந்த துணியை மடித்து வைத்தாள். பிறகு கேட்டாள், “எந்த ஊர்?”

சொன்னார்.

“என்ர பெரியம்மா வீடு பக்கத்து ஊர்தான்,” என்றாள்.

மூன்றாவது ஞாயிறு, பூசை முடிந்து மனைவியோடு வரும்போது ஞானபாக்கியமே கடைக்குள் கூப்பிட்டாள். பெரியம்மா மூலம் விசாரித்துத் தேடிப் பிடித்திருந்தாள். வீடியோ காலில் ஒரு கிழவி. நெற்றியில் திருநீறு. யேசுதாஸுக்கு அந்த முகம் அடையாளம் தெரியவில்லை. குரல் தெரிந்தது.

“நீரோ தம்பி, அண்டைக்குத் தமிழ் கதைச்சது?”

“ஆமாம்மா.”

“அவன் நாலாம் நாள் வந்தவன்.”

யேசுதாஸ் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டார். சிலுவையம்மாள் சிலுவை போட்டுக்கொண்டாள். பேச்சை அதோடு முடித்திருக்கலாம். ஆனால் ஞானபாக்கியத்திடமும் மறைத்த மிச்சம் ஒன்று அவரிடம் இருந்தது.

“அம்மா, அன்னிக்கி சாயந்திரம் நீ கேம்ப் வாசலுக்கு வந்தே. நான் உள்ளதான் இருந்தேன். உன் கொரல் கேட்டுச்சு. நான் வெளிய வரல.”

“அண்டைக்கு மழை,” என்றாள் கிழவி. “நனைஞ்சு கொண்டு நிண்டனான்.”

“பார்த்தேம்மா.”

“பிறகேன் வரேல்லை?”

“இன்னா சொல்றதுன்னு தெர்ல.”

“தெரியாது எண்டு சொல்லியிருக்கலாமே. ஒரு ஆள் வந்து ஏதாவது சொல்லுமெண்டுதானே நிண்டனான்.”

அப்போது ஒரு கை போனை வாங்கியது. நரைத்த தாடி, தடித்த கண்ணாடி.

“நான்தான் குமாரவேல். அம்மா ஆசைப்பட்டா எண்டுதான் விட்டனான். இனி எடுக்க வேண்டாம். உங்களுக்குத் தர என்னட்டை மன்னிப்பு ஒண்டும் இல்லை.”

“அத்த கேக்கல தம்பி. நீ கீறியான்னு தெரிஞ்சிக்கணும். அவ்ளோதான்.”

அவன் போனை முகத்தருகே கொண்டுவந்தான்.

“இருக்கிறன்,” என்றான். இணைப்பு அறுந்தது.

இத்தனை காலமும் யேசுதாஸின் நினைப்பில் அவன் பதினேழைத் தாண்டவே இல்லை. லாரியின் பின்பலகையைப் பிடித்துக்கொண்டு நிற்கிற பையனாகவே இருந்தான். இப்போது அவனுக்குத் தாடி நரைத்திருக்கிறது, கண் மங்கியிருக்கிறது, கோபம் அப்படியே இருக்கிறது. அவர் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். அது துக்கமா ஆறுதலா என்று அவருக்கே பிரிக்கத் தெரியவில்லை.

சிலுவையம்மாள் அவர் தோளைத் தொட்டு, “வூட்டுக்குப் போலாம் வா,” என்றாள்.

“இருங்கோ அக்கா, தேத்தண்ணி போடுறன்,” என்று ஞானபாக்கியம் அடுப்பைப் பற்றவைத்தாள். முதுகைத் திருப்பிக்கொண்டே சொன்னாள், “எனக்கு எல்லாம் ஆறிப்போச்செண்டு நினைக்காதேங்கோ அண்ணை.”

“நெனைக்கலம்மா.”

“நாங்கள் படகேறின கதை நான் இங்கை ஒருத்தருக்கும் சொன்னதில்லை. கேட்டுக்கொண்டு இருப்பீங்களோ? நடுவிலை எழும்பிப் போகக்கூடாது.”

யேசுதாஸ் முகத்தைத் துடைத்துக்கொண்டு ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

“சொல்லு தங்கச்சி.”