நோவாகாவின் நடை

இத்ரிஸ்ஸாவின் தொப்பி ரஸ்மானேயின் தலைக்குப் பத்தவில்லை. இத்ரிஸ்ஸா செத்த ஏழாம் நாள் ஓதல் முடிந்து, வாசலில் ஜனம் தினைப் பானகம் குடித்துக்கொண்டிருந்தது. செத்தவரின் சட்டையையும் தொப்பியையும் மாட்டிக்கொண்டு, அவரைப் போலவே நடந்து பேசி, அழுதவர்களைச் சிரிக்க வைப்பது கேலி முறைக்காரனின் கடமை. இத்ரிஸ்ஸா சாமோ, ரஸ்மானே மோஸி. இரண்டு இனத்துக்கும் பாட்டன் பூட்டன் காலத்துக் கேலி முறை. ஒருவன் மற்றவனை அடிமை என்பான், நாய்த்தலை தின்னி என்பான். கோபித்துக்கொண்டால் கோபித்தவன்தான் கெட்டவன்.

"என்னடா மோஸி அடிமை, எசமான் தொப்பியைப் போடக்கூடத் தெரியலையா?" என்று ஒரு சாமோக் கிழவர் சீண்டினார்.

"நாய்த்தலையா தின்னு உங்காளுக்குத் தலை சிறுத்துப்போச்சு. அந்தத் தொப்பி மனுசனுக்கு எப்படிப் பத்தும்?"

கூட்டம் சிரித்தது. நாற்பது படம் நடித்த வாயாயிற்றே. அடுத்து ரஸ்மானே இத்ரிஸ்ஸாவைப் போல நடந்து காட்ட வேண்டும். முதல் படத்தில் ஒரு கிழவனாக நடந்து காட்டச் சொன்னபோது அவருக்கு வயது முப்பது. நடக்கத் தெரியாமல் முழித்து, கடைசியில் தன் ஊர்ச் சைக்கிள் கடை இத்ரிஸ்ஸாவைப் போல நடந்து காட்டினார். இடது காலை இழுத்து, வலது தோளைத் தூக்கி, பேசுமுன் இரண்டு முறை கனைத்து. நோவாகா என்ற அந்தப் படக் கிழவன் ஊர் ஊராய்ப் புகழ் பெற்றான். இந்த நடை எங்கே கிடைத்தது என்று வானொலியில் கேட்டபோது, மூன்று மாதம் கண்ணாடி முன் உழைத்தேன் என்று கூசாமல் சொன்னார். பிறகு இத்ரிஸ்ஸாவிடம், "அடிமையோட நடை எசமானுக்குத்தானேடா சொந்தம்," என்றார். இத்ரிஸ்ஸா சிரித்தான். சிரிக்காமல் என்ன செய்வான்?

ரஸ்மானே காலை இழுத்தார். தோளைத் தூக்கினார். இரண்டு முறை கனைத்தார்.

"நோவாகா! நோவாகா!" பிள்ளைகள் கத்தினார்கள். பெரியவர்களும் கை தட்டினார்கள். சாமோக் கிழவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார்.

இத்ரிஸ்ஸாவின் மனைவி சஃபியாத்தா சிரிக்கவில்லை. பாயிலிருந்து எழுந்து வந்தாள்.

"அண்ணே, இது உங்க நோவாகா. என் வீட்டுக்காரரைக் காட்டுங்க."

"இதுதானேம்மா அவன் நடை."

"அவர் நடைதான். ஆனா சந்தைக்குப் போனா, நோவாகா மாதிரி நடிச்சுக் காட்டறான் பாருன்னு பிள்ளைங்க பின்னாடியே வரும். உங்களைக் காப்பியடிக்கிறாராம். பத்து வருசமா அவர் தெருவுல சும்மா நடந்ததே இல்லை. ஓட்டாத சைக்கிளைத் தள்ளிக்கிட்டு, அதுமேல சாஞ்சுக்கிட்டுதான் போவார். அப்போ கால் இழுக்கறது வெளியே தெரியாதாம். உங்களுக்குத் தெரியாதா?"

தெரியாது. பத்து வருடத்தில் ஊருக்கு எத்தனை முறை வந்திருக்கிறார்! ஒவ்வொரு முறையும் இத்ரிஸ்ஸா உட்கார்ந்தபடியேதான் பேசினான். வேலையாக இருக்கிறான் என்று இவர் நினைத்துக்கொண்டார். வெட்கம் காதுமடல் வரை சுட்டது. கேலி முறையில் கோபிக்கக் கூடாது, சரி. வலிக்கவும் கூடாதென்று யார் சொன்னது?

சுவரோரம் சைக்கிள் சாய்ந்திருந்தது. ரஸ்மானே போய் அதை எடுத்தார். கைப்பிடியை இரண்டு கையாலும் பிடித்துத் தள்ளினார்.

"அப்படியில்லை," என்றாள் சஃபியாத்தா. அவருடைய வலது கையைப் பிடித்து இருக்கைமேல் வைத்தாள். தேய்ந்து வழவழத்த இருக்கைத் தோல் உள்ளங்கைக்குக் கீழே குழிந்தது.

அவர் அதன்மேல் பாரத்தைச் சாய்த்து, தலை குனிந்துகொண்டு, ஜனத்தின் நடுவே மெதுவாக நடந்தார். கைதட்டல் நின்றுவிட்டது.

"இது நோவாகா இல்லையே, யாரு?" என்று ஒரு பிள்ளை கேட்டது.

காற்றில்லாத பின்சக்கரம் மண்ணில் அரைத்துக்கொண்டு வாசலைத் தாண்டியது.