வீட்டுத் தண்ணீர் குடிக்காத அண்ணி

எங்கள் வீட்டில் எல்லார் உள்ளங்கையும் காய்த்துப் போயிருந்தது. அதற்கு ஆளுக்கொரு காரணம் வைத்திருந்தோம். அப்பா கொத்தனார், கரண்டி பிடித்த கை என்பார். அண்ணன் லாரி ஓட்டுகிறவன். ஸ்டியரிங் மேல் பழி போட்டான். நான் தையல்காரி, என் பங்குக்குக் கத்தரிக்கோல். உள்ளங்காலிலும் அரிசி அரிசியாக முடிச்சு விழுந்தபோது, மிஷின் மிதிக்கிறேனே என்று சமாதானம் சொல்லிக்கொண்டேன். நெஞ்சில் தோல் கறுத்து, அதன்மேல் தூறல் விழுந்த மாதிரி வெள்ளைப் புள்ளிகள் வந்தபோதுதான் கொஞ்சம் முழித்தேன். அப்பா அதற்கும் "வெயில்" என்றார். கூரைக்குக் கீழே உட்கார்ந்து தைக்கிறவளுக்கு எந்த வெயில் என்று நானும் கேட்கவில்லை. பட்டுத்துணியைத் தொட்டால் இழை என் கையோடு வந்தது. கடைக்காரர் என்னைப் பருத்திக்கு மாற்றிவிட்டார்.

அண்ணி மட்டும் வேறு ரகம். ரொட்டிக்கடையில் வேலை, சாப்பாடும் பெரும்பாலும் அங்கேயே. கல்யாணமாகி வந்த முதல் வாரமே எங்கள் ஆழ்குழாய்த் தண்ணீரை வாயில் வைத்துவிட்டு முகம் சுளித்தாள்.

"இரும்பு வாடை அடிக்குதே மாமா."

போயும் போயும் அப்பாவிடமே சொன்னாள். அந்தக் குழாய் அவர் பக்கத்திலேயே நின்று போட்டது, தெருவிலேயே ஆழமானது. பெற்ற பிள்ளைகளைவிட அதன்மேல் அவருக்குப் பாசம் அதிகம். அன்றிலிருந்து அண்ணி வேலை முடிந்து வரும்போது கடையிலிருந்து ஒரு கேன் தண்ணீர் சுமந்து வருவாள். அப்பா அவளிடம் நேராகப் பேசுவதையே நிறுத்திவிட்டார். நான் சும்மா இருப்பேனா? "மகாராணிக்குத் தண்ணி வந்தாச்சு!" என்று தினமும் வாசலில் நின்று கூவுவேன். என் வாய் அப்படி. அண்ணி ஒரு வார்த்தை திருப்பிச் சொன்னதில்லை.

எங்களோடு அப்பா வீட்டிலேயே வளர்கிற என் மகளுக்கு ஒன்பது வயது. அவள் கரண்டியும் பிடிக்கவில்லை, கத்தரிக்கோலும் பிடிக்கவில்லை. ஒருநாள் தலை பின்னும்போது விளையாட்டாக என் கன்னத்தைத் தடவினாள். குழந்தை கை சொரசொரவென்று உரசியது. திருப்பிப் பார்த்தேன். என் உள்ளங்கையில் இருக்கும் அதே முடிச்சுகள், சின்னச் சின்னதாக.

தோல் டாக்டர் மகளைப் பார்த்தார், அப்புறம் என் கையைப் பார்த்தார், வீட்டோடு எல்லாரும் வாருங்கள் என்றார். போனோம். வரிசையாகக் கையை நீட்டினோம்.

"வீட்ல யாருக்கு இது இல்ல?"

எல்லாரும் அண்ணியைப் பார்த்தோம். திருடி மாட்டிக்கொண்டவள் மாதிரி கையை நீட்டினாள். மழமழவென்று இருந்தது.

"நீங்க மட்டும் என்ன வேற மாதிரி செய்றீங்க?"

"நான்... வீட்டுத் தண்ணி குடிக்கறதில்ல டாக்டர்."

அப்பா மின்விசிறியைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

தண்ணீரைப் பரிசோதனைக்கு அனுப்பினார்கள். முடிவு தெரிய வேண்டிய நாளில் மறுபடியும் எல்லாரும் போனோம். ஆர்சனிக் என்றார் டாக்டர். மண்ணுக்கடியிலிருந்தே தண்ணீரில் கலந்து வருகிற விஷம். இரும்பு வாடை வேறு, இது வேறு. இது கண்ணுக்கும் தெரியாது, நாக்குக்கும் தெரியாது. கொதிக்க வைத்தாலும் போகாது. எத்தனை வருஷமாக அக்கறையாகக் காய்ச்சிக் காய்ச்சிக் குடித்திருக்கிறோம்!

"என் பொண்ணு, டாக்டர்?"

"இப்பத்தான் ஆரம்பம். தண்ணிய மாத்துங்க, குறைய வாய்ப்பிருக்கு. உண்மையில, உங்க கையப் பாத்துட்டு இவளுக்கு இன்னும் மோசமா இருக்கும்னு பயந்தேன். ஸ்கூல் தண்ணி குடிக்கிறாளா?"

"சேச்சே. தினமும் நான்தான் வீட்டுத் தண்ணி ஊத்திக் கொடுத்தனுப்பறேன்."

மகள் அண்ணியைப் பார்த்தாள். அண்ணி தரையைப் பார்த்தாள்.

"சொல்லிடவா அத்தை?"

அண்ணி முந்தானையைத் திருகிக்கொண்டே சொன்னாள். "ஸ்கூல்ல சேர்த்ததுல இருந்து, நீ அந்தப் பக்கம் போனதும் அதைக் கொட்டிட்டு என் தண்ணிய ஊத்திடுவேன். சாயங்காலமும் அதைத்தான் கொடுப்பேன். எனக்கு விஷம்னெல்லாம் தெரியாது. அந்த வாடை குழந்தைக்கும் பிடிக்கல, அவ்வளவுதான். உங்கிட்ட கேட்டா சண்டை வரும்னு கேக்கல. தப்புன்னா மன்னிச்சுடு."

அப்பாதான் பேசினார், வருஷக்கணக்குக்கு அப்புறம் நேராக அவளிடம்.

"கேன் கனமா இருந்திருக்குமேம்மா. இனிமே நான் தூக்கறேன்."

இப்போது மகளின் உள்ளங்கை குழந்தையின் கையாகவே திரும்பிவிட்டது. என்னுடையது அப்படியேதான் இருக்கிறது. விடாமல் வந்து காட்டச் சொல்லியிருக்கிறார்கள், காட்டுகிறேன். அதில் எனக்கு ஒரு குறையும் இல்லை. பிள்ளை தப்பித்தாளே, அது போதும். போன தடவை டாக்டர் அவள் கையைத் தடவிப் பார்த்துச் சிரித்தார். வெளியே வந்ததும் அண்ணியின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டேன்.

"எங்க பேச்சக் கேக்காம இருந்தீங்களே அண்ணி, நீங்க நல்லா இருக்கணும்."

அந்த மெத்தென்ற கையில் என் முடிச்சுகள் குத்துமே என்று சட்டென்று விடப் பார்த்தேன். அண்ணி விடவில்லை.

"குத்தினாக் குத்தட்டும், பிடிச்சுக்கோ," என்றாள்.