செத்தவனுக்குக் கொடுத்த குரல்

அடையாற்று வெள்ளம் அனகாபுத்தூருக்குள் புகுந்த வருடம், கேபிள்காரன் ஒருவன் மொட்டை மாடியிலிருந்து எடுத்த வீடியோ அது. மழையில் மைக் செத்துப்போனதால் சத்தமே இல்லை. ஒரு ஆள் விளக்குக் கம்பத்தைக் கட்டிப்பிடித்திருக்கிறான். வாய் திறந்து திறந்து மூடுகிறது. மூச்சுக்காகவா, யாரையாவது கூப்பிடவா, தெரியாது. ஒரு படகு அவனைத் தாண்டிப் போகிறது.

"ஊமைப் படத்த எவன் பாப்பான் பிரிட்டோ? ஏதாவது போடுங்க" என்றாள் ஆவணப்படம் எடுக்கும் ரோஹிணி.

சவுண்டுக்காரன் பிரிட்டோ, தாம்பரத்து ஸ்டூடியோவின் குளியலறையில் நின்று, வாயில் தண்ணீரை வைத்துக்கொண்டு கத்தினான். "அண்ணா! அண்ணா!" முங்குகிறவன் வேறு என்ன கத்துவான்? ஆள் யாரென்றே அப்போது தெரியாது.

பிறகு தெரிந்தது. தனசிங். பிணம் மணப்பாக்கத்தில் ஒதுங்கியதாம். படகில் போனது அவனுடைய சொந்த அண்ணன் தேவானந்தம். "மழை இரைச்சல்ல ஒண்ணும் கேக்கல. கூப்ட்டிருந்தா குதிச்சிருப்பேன்" என்று அவர் சொன்ன ஒரே வார்த்தையை நம்பித்தான், தனசிங்கின் மனைவி ஞானசௌந்தரி இத்தனை காலம் அவர் வீட்டு மாடியில் குடியிருந்தாள்.

இருவரையும் ரோஹிணி ஸ்டூடியோவுக்கு வரவழைத்து, டிவி முன்னால் உட்காரவைத்தாள். முன்கூட்டிக் காட்டக் கூடாது. முதல் தடவை பார்க்கிற முகம்தான் முகம் என்பது அவள் தொழில். சத்தமில்லாத ஒரிஜினலைத்தான் போடுவாள் என்று நினைத்து, பிரிட்டோ மைக் கம்பைத் தூக்கிப் பிடித்தான்.

"அண்ணா! அண்ணா!"

அவனுடைய தொண்டைதான். பிரிட்டோ ரோஹிணியைப் பார்த்தான். அவள் கேமராவிலிருந்து கண்ணை எடுக்காமல், அசையாதே என்று கைகாட்டினாள். நாதாரிப் பயல், அவனும் அசையவில்லை.

ஞானசௌந்தரி மெல்லத் திரும்பினாள். "இன்னா மாமா, உன்னத்தான கூப்ட்டாரு?"

தேவானந்தம் திரையையே பார்த்தார்.

"கூப்பிடலன்னியேடா, பாவி! உன் வூட்டு சோத்தத் துன்னுகினு, உனுக்கோசரம் ஜெபம் வேற பண்ணேனே!"

பிரிட்டோ மைக்கைக் கீழே போட்டான். "அக்கா, அது என் குரல்க்கா. நான்தான் போட்டேன்." நம்பவேண்டுமே என்று கத்தியும் காட்டினான். "அண்ணா!"

வாயில் தண்ணீரில்லாத வறண்ட தொண்டை, அது மாதிரியே இல்லை.

"எவ்ளோ குடுத்தான் இவன் உனுக்கு?" என்றாள் அவள். "என் புருஷன் குரல் எனுக்குத் தெரியாதா?" செருப்பைக்கூட மாட்டாமல் படியிறங்கிப் போனாள்.

"கட்" என்றாள் ரோஹிணி. "படமே இதுதான்." கேமராவோடு ஞானசௌந்தரியின் பின்னாலேயே ஓடினாள்.

தேவானந்தம் எழுந்திருக்கவில்லை. "சத்தம் இல்லாம ஒருவாட்டி போடு தம்பி."

பிரிட்டோ ஒரிஜினலைப் போட்டான். கம்பம், தண்ணீர், திறந்து மூடும் வாய். அந்த வாய்க்குப் பொருந்தும்வரை அவன் திரும்பத் திரும்பக் கத்திப் பதிவுசெய்த சொல்தான் 'அண்ணா'.

தேவானந்தம் திரைக்கு அருகில் போய்க் குனிந்தார்.

"அண்ணான்னுதான சொல்றான்?"

பிரிட்டோ வீடியோவை நிறுத்தினான்.

"இன்னொருவாட்டி போடு" என்றார்.