யாருக்கு இன்னா ஆச்சு?

எங்கள் பக்கத்தில், வளர்ந்த ஆள் ஒருத்தன் ரோட்டில் ஓடினால் ஒன்று சாவு, இல்லாவிட்டால் பிரசவம். மூன்றாவதாக ஒரு காரணம் உண்டென்று எழுபத்திரண்டாம் வருஷத்தில் யாருக்கும் தெரியாது. என் காரணம் அந்த மூன்றாவது.

மீஞ்சூரிலிருந்து கும்மிடிப்பூண்டி வரை ஆலைத் தொழிலாளர்களுக்கு ஓட்டப் பந்தயம். முந்தைய இரண்டு வருஷமும் கவரைப்பேட்டை தாண்டியதும் உட்கார்ந்துவிட்டேன். காலில் கோளாறு இல்லை, மனசுதான். அந்த இடத்தில் முன்னால் ஓடுகிறவனும் தெரியமாட்டான், பின்னால் வருகிறவனும் தெரியமாட்டான். "எதுக்குடா இதெல்லாம், ஆசீர்வாதம்?" என்று உள்ளே ஒருத்தன் நைச்சியமாகக் கேட்பான். அப்படியே உட்கார்ந்துவிடுவேன். அப்புறம் வருஷம் முழுக்க எங்கள் ஆலை ஷெட்டில் கிண்டல்.

இந்தத் தடவை யாரிடமும் சொல்லவில்லை. என் மனைவி சின்னப்பொண்ணிடம்கூட ஞாயிற்றுக்கிழமை ஓவர்டைம் என்று சொல்லிவிட்டேன். உட்கார்ந்தாலும் எனக்கு மட்டும் தெரிந்தால் போதும்.

கவரைப்பேட்டை தாண்டியது. அவனும் வந்து, "எதுக்குடா?" என்றான். வாயை மூடு என்று அவனை அதட்டிவிட்டு அடுத்த புளியமரம் வரை ஓடினேன். அங்கிருந்து அதற்கடுத்த மரம். சைக்கிளில் வந்த எங்கள் தெரு துலுக்காணம் என்னைப் பார்த்துப் பதறிப்போனார்.

"யாருக்கு இன்னாப்பா ஆச்சு? பின்னால குந்து, ஊட்ல உட்டுடறேன்."

மூச்சு வாங்கியதில் பேச முடியவில்லை. வேண்டாமென்று தலையை மட்டும் ஆட்டினேன். மனுஷன் அதைச் சாவுச் சேதி என்றே எடுத்துக்கொண்டு பந்தய வழியிலேயே இருக்கும் எங்கள் ஊரைப் பார்த்து மிதித்தார்.

ஊர்த் திருப்பத்தில் சின்னப்பொண்ணு தலை கலைந்து, செருப்பில்லாமல் நின்றிருந்தாள். என்னைக் கண்டதும் கூடவே ஓடி வந்தாள்.

"சேசுவே! யாருன்னு சொல்லுய்யா! எங்க அம்மாவா?"

அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டு எப்படி ஓடுவது? நின்றுவிட்டேன்.

"யாருக்கும் ஒண்ணுமில்ல. சும்மா ஓடறேன்."

"சும்மாவா?"

"ரேஸு. கும்மிடிப்பூண்டி வரைக்கும்."

அவள் ரோட்டோரம் தொப்பென்று உட்கார்ந்து முந்தானையில் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். பாவமாக இருந்தது. பக்கத்தில் உட்கார்ந்தால் எவ்வளவு சுகம்! குனிந்தேன்.

"நீ இன்னாத்துக்குக் குந்தற? அதான் யாரும் சாவலியே, ஓடு!"

ஓடினேன். உள்ளே இருந்தவன் அதற்குமேல் எதுவும் கேட்கவில்லை. டீக்கடையிலிருந்து நாலு பேர் எழுந்து வந்து, "யாருக்கு இன்னாபா?" என்று மறித்தார்கள். நான் வாயைத் திறக்க வேண்டியிருக்கவில்லை. பின்னாலிருந்து அவள் கத்தினாள்:

"யாருக்கும் ஒண்ணுமில்ல! என் ஊட்டுக்காரரு சும்மா ஓடறாரு. வயிய உடுங்க!"