ரன்வேயில் காலியாகக் கிடந்த இடம்

பச்சமுத்துவுக்கு ரோஷம் ஜாஸ்தி. சொந்த ரோஷம்கூட இல்லை, தாத்தா விட்டுப்போன ரோஷம். உலகச் சண்டைக் காலத்தில் உளுந்தூர்பேட்டைப் பக்கம் வெள்ளைக்காரன் விமானம் இறக்கத் தளம் போட்டான் அல்லவா, அதற்கடியில் போனவை தாத்தாவின் நிலமும் கிணறும். சண்டை முடிந்தது, விமானங்களும் போயின, நிலம் மட்டும் திரும்பவில்லை. "நம்ம வூட்டு ஆளு எவனும் அந்தச் சிமிட்டியில கால வெக்கக் கூடாது" என்று சொல்லிவிட்டுத்தான் தாத்தா கண்ணை மூடினார். களமருதூருக்குக் குடிபோன குடும்பம் இன்றுவரை அதை மீறவில்லை. சுற்றுப்பட்டு ஊரெல்லாம் ரன்வேயில் நெல்லும் எள்ளும் உலர்த்தும்; இவர் மட்டும் வாசலில் தார்ப்பாய் விரிப்பார்.

இந்த வருஷம் அந்த வீம்பு பலிக்கவில்லை. அறுவடை மெஷின் வயலை விட்டு ஏறிய அன்றைக்கே பிடித்த மழை மூன்று நாள் அடித்தது. மூட்டைக்குள் கைவிட்டால் சூடு, ஓரமெல்லாம் வெள்ளையாக முளை. இன்னும் ஒரு நாள் போனால் மொத்த வெள்ளாமையும் மாட்டுக்குத்தான். நாலாம் நாள் வெயில் எட்டிப் பார்த்ததும், மனைவி ஆயம்மாள் டிராக்டர் சாவியை அவர் கையில் திணித்தாள்.

"தாத்தாவுக்கு நான் பதில் சொல்லிக்கிறேன். நீங்க கெளம்புங்க."

போய்ப் பார்த்தால், ஊர் முழுக்க அங்கேதான் இருந்தது. இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை நெல். பாய் விரிக்கக்கூட இடமில்லை. நமக்கு இது வேண்டியதுதான் என்று நொந்துகொண்டு வண்டியைத் திருப்பினார்.

கூலிக்கு நெல் துழாவிக்கொண்டிருந்த கொளஞ்சியம்மாள் அவரை அடையாளம் கண்டு குறுக்கே வந்து நின்றாள். "எங்க திருப்பிக்கினு போறீங்க? ஒங்க எடம் காலியாத்தான கெடக்குது."

"இன்னா, கிண்டலா?"

அவள் துழாவும் கட்டையை நீட்டிக் காட்டினாள். நடு ரன்வேயில் நாலு மூலைக்கும் கல் வைத்து, பெருக்கிவிட்ட தரை. ஒரு மணி நெல் இல்லை.

"அதுக்குக் கீழதான் ஒங்க தாத்தா கெணறு. அத மூட ஜல்லி சொமந்தவரு எங்க தாத்தா. வயித்துக்காவ சொமந்தாரு, மனசு கேக்கல. அவுங்க வூட்டு நெல்லு ஒரு நாளு வரும், அதுவரிக்கும் இங்க யாரும் கொட்டக் கூடாதுன்னு ஒவ்வொரு அறுப்புக்கும் சொல்லிக்கினே இருப்பாரு. அவரு போயும் ஊரு அத வுடல. காலையில கூட ரெண்டு வண்டிய தொரத்திவுட்டேன்."

இந்த ஊரையா இத்தனை காலம் முறைத்தோம் என்று பச்சமுத்துவுக்கு வெட்கமாக இருந்தது. கையெடுத்துக் கும்பிட்டார்.

"கும்புடறது அப்பறம் இருக்கட்டுங்க. வெயில் போவுது, மூட்டையப் பிரிங்க."

கூப்பிடாமலே நாலு பேர் வந்து மூட்டைக்குத் தோள் கொடுத்தார்கள். பொழுது சாய்வதற்குள் நெல் கலகலவென்று கையில் உதிர்ந்தது. ஆயம்மாள் போன் போட்டாள்.

"எடம் கெடச்சுதா?"

"எம்பது வருசமா நமக்கு எடம் போட்டு வெச்சிருந்தாங்க ஆயம்மா," என்றார் பச்சமுத்து. "நாமதான் வராம இருந்துட்டோம்."