ஈயத்தைவிடக் கனம்

பழைய இரும்புக் கிடங்கில் அவளை எல்லோரும் தராசு என்றுதான் கூப்பிட்டார்கள். வயதில் சின்னவர்களுக்கு அவள் தராசக்கா. லாரியிலிருந்து இறங்கும் சரக்கில் எதைக் கையில் எடுத்தாலும், அது பித்தளையா, வெண்கலமா, துத்தநாகம் கலந்த மட்டமான சாமானா என்று தூக்கிப் பார்த்தே சொல்லிவிடுவாள். இருபத்திரண்டு வருடமாக அதுதான் வேலை. காந்தம் ஒட்டுவது ஒரு பக்கம், ஒட்டாதது இன்னொரு பக்கம். ஒட்டாததற்குள் பதினோரு குவியல். அவள் பிரித்த இரும்பு பக்கத்துக் கொட்டகையில் இருந்த உலைக்குப் போகும். அங்கே உலையைப் பார்த்துக்கொள்பவர் அவள் கணவர். உருகிய இரும்பு கம்பியாக நீண்டு வீடு கட்டுகிறவர்களிடம் போய்ச் சேரும்.

ஒன்பது வருடத்துக்கு முன்னால், இடித்த பள்ளிக்கூடம் ஒன்றின் சாமான்களோடு தனிமங்களின் அட்டவணை ஒன்று வந்தது. தகரச் சட்டத்துக்காக வந்த பொருள். சட்டத்தைக் கழற்றிக் குவியலில் போட்டுவிட்டு, படத்தைச் சுருட்டி வீட்டுக்கு எடுத்துப்போய் அடுப்படிச் சுவரில் ஒட்டினாள். முதலில் தினமும் கையில் புழங்குகிற உலோகங்களை அதில் தேடினாள். பிறகு கண்ணால் கண்டிராதவற்றையும் விடவில்லை. மகளின் பாடப்புத்தகம், நூலகத்துப் புத்தகம் என்று கிடைத்ததையெல்லாம் படித்தாள். படித்ததைச் சாப்பாட்டு நேரத்தில் வீட்டாரிடம் சொல்லாமல் இருக்க அவளால் முடியாது. தங்கம் எவரோடும் ஒட்டாத பெரிய மனுஷி என்பாள். சோடியம் தண்ணீரைக் கண்டாலே மல்லுக்கு நிற்கும் என்பாள். இந்த அலுமினியச் சட்டி இருக்கிறதே, ஒரு காலத்தில் தங்கத்தைவிட உசத்தியாக இருந்த உலோகம், இன்றைக்கு நம் வீட்டில் அடிபிடித்துக் கிடக்கிறது என்பாள். மகள் சிரிப்பாள். கணவர் சோறு ஆறுகிறது என்பதைத் தவிர வேறு எதுவும் சொன்னதில்லை.

அந்தச் சாமான் வந்தது ஒரு செவ்வாய்க்கிழமை. தீப்பிடித்து எரிந்த ஒரு கிடங்கை இடித்துக் கொண்டுவந்த லாரியில், இரும்புச் சட்டங்களுக்கு நடுவில் கிடந்தது. மூன்றடுக்குச் சாப்பாட்டுக் கேரியர் அளவுதான் இருக்கும். பெயிண்ட் எரிந்து எழுத்தெல்லாம் போயிருந்தது. ஒரு முனையில் பூட்டு. ஒரு மூலை மட்டும் நசுங்கி, மேல் தகடு நகக்கண் அளவுக்குக் கிழிந்திருந்தது. அவள் ஒரு கையால் எடுக்கப் போனாள். அது தரையோடு ஒட்டிக்கொண்டதுபோல் அசையாமல் இருந்தது. இரண்டு கையாலும் தூக்கிப் பார்த்துவிட்டு மெல்லக் கீழே வைத்தாள்.

வெட்டும் இடத்தில், இரும்பை அறுக்கும் கேஸ் விளக்கோடு நின்றவள் அவளுடைய நாத்தனார். உள்ளே ஈயம் ஊற்றியிருப்பார்கள் என்று சொன்னாள்.

"குடுங்கண்ணி, ரெண்டாப் பொளந்துடறேன். மேல இருக்கிற இரும்பு உலைக்கு, ஈயம் உங்க குவியலுக்கு."

"கொஞ்சம் பொறு. ஈயம்னா கை ஒத்துக்கமாட்டேங்குது."

அதைத் தராசில் ஏற்றினாள். இருபது கிலோ. அகலமான தொட்டிக்குள் ஒரு வாளியை வைத்து, விளிம்புவரை தண்ணீர் நிரப்பி, சாமானைக் கயிற்றில் கட்டி இறக்கினாள். வழிந்த தண்ணீரைப் பாட்டிலால் அளந்தாள். ஒன்றேகால் லிட்டர். அந்த அளவுக்கு முழுக்க இரும்பாக இருந்தால் பத்துக் கிலோ வரும். முழுக்க ஈயமாக இருந்தாலும் பதினாலுதான். இன்னும் ஆறு கிலோ எங்கிருந்து வந்தது? கிழிந்த இடத்தில் குனிந்து பார்த்தாள். உள்ளே தெரிந்த உலோகம் கறுத்துப் போயிருந்தது.

நாத்தனாரிடம் விளக்கை அணைக்கச் சொன்னாள். ஆளுக்கொரு வேலையில் இருந்தவர்களை வாசலுக்குப் போகச் சொன்னாள். சத்தம் கேட்டு அறையிலிருந்து முதலாளி வந்தார். நல்ல மனிதர்தான், ஆனால் வேலை நின்றால் அவருக்கு இருப்புக் கொள்ளாது. உலை சூடேறி நிற்கிறது, ஒரு டப்பாவுக்காக இருபத்தெட்டுப் பேரும் வாசலில் போய் நிற்பதா என்று கேட்டார்.

"இது ஈயமில்ல முதலாளி. ஈயத்தைவிடக் கனம்."

"அப்படின்னா தங்கமா?"

இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை.

"தங்கம் கறுக்காது. டங்ஸ்டனும் இப்படிக் கறுக்காது. எனக்குத் தெரிஞ்சு மிச்சம் யுரேனியம்தான். இவ்வளவு கனமானதைச் சுத்திவர வச்சு, அதுக்கு மேல பூட்டும் போட்டிருக்காங்கன்னா, உள்ள இருக்கிறது வெளிய வரக்கூடாதுன்னுதானே?"

முதலாளி அந்தச் சாமானையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தார். நம்பவும் முடியவில்லை, நம்பாமல் இருக்கவும் பயம். அப்போது கொட்டகையிலிருந்து அவள் கணவர் வந்தார். முகமெல்லாம் வியர்வை. என்ன ஏது என்று அவர் விசாரிக்கவே இல்லை.

"உலையை நிறுத்திட்டேன் முதலாளி. அவ சரின்னு சொல்ற வரைக்கும் ஒரு ஆணிகூட உள்ள போகாது."

முதலாளி தீயணைப்பு நிலையத்துக்குப் போன் செய்தார். அங்கிருந்து கதிர்வீச்சுப் பாதுகாப்பு அலுவலகத்துக்குச் சொன்னார்கள். எவரும் பக்கத்தில் போக வேண்டாம், வருகிறோம் என்றார்கள்.

அவர்கள் வந்து சேர ஆன இரண்டு மணி நேரம் அவளுக்கு எளிதாகக் கழியவில்லை. வாசலில் நிழல் கிடையாது. வெயிலில் நின்றவர்கள் முணுமுணுக்கத் தொடங்கினார்கள். தராசக்காவுக்குப் படிப்பு தலைக்கேறிவிட்டது என்று ஒருவன் சொன்னது அவள் காதிலும் விழுந்தது. வாளியைச் சரியாக நிரப்பினோமா, பாட்டிலை ஒரு தடவை குறைவாக எண்ணிவிட்டோமா என்று மனம் அடித்துக்கொண்டது. கணக்கை மறுபடி மறுபடி போட்டாள். ஒவ்வொரு தடவையும் அதே விடைதான் வந்தது. கணவர் பக்கத்திலேயே நின்றார், தண்ணீர் பாட்டிலை மட்டும் அவ்வப்போது நீட்டினார்.

வந்த குழுவுக்கு ஒரு பெண் அதிகாரி தலைமை. கையில் அளக்கும் கருவியோடு உள்ளே போனார். அது டிக் டிக்கென்று அடிப்பது வாசல்வரை கேட்டது. போகப் போக அடிப்பு நெருக்கமாகி, கடைசியில் ஒரே இழையாகிவிட்டது. முணுமுணுத்தவன் இரண்டடி பின்னால் நகர்ந்தான்.

சாமானைக் கனத்த ஈயப் பெட்டிக்குள் இறக்கி வண்டியில் ஏற்றிய பிறகுதான் அந்த அதிகாரி எல்லோரையும் கூட்டி விஷயத்தைச் சொன்னார். குழாய்களின் பற்றவைப்பில் விரிசல் இருக்கிறதா என்று படம் பிடிக்கிற கருவி அது. வெளிக்கவசம் யுரேனியம். உள்ளே ஓர் அரிசி அளவுக்கு இரிடியம். நாலு மாதத்துக்கு முன்னால் நடந்த தீவிபத்தில் காணாமல் போனதைத் தேடிக்கொண்டே இருந்தார்களாம். இந்த நாலு மாதத்தில் அதன் வேகம் பாதிக்கு மேல் தணிந்திருக்கும். ஆனாலும் கவசத்தைப் பிளந்து அதைக் கையில் எடுத்திருந்தால் கை போயிருக்கும்; பிளக்காததால் தூக்கிப் பார்த்தவளுக்கு ஆபத்தில்லை. உலைக்குப் போயிருந்தால் அது இரும்போடு கலந்து, கம்பியாகி, எத்தனை வீட்டுச் சுவருக்குள் போய் உட்கார்ந்திருக்குமோ தெரியாது. நாத்தனார் தன் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பிறகு அண்ணியின் தோளைப் பிடித்துக்கொண்டாள், விடவே இல்லை.

"இதை நிறுத்தினது யாரு?" என்று அதிகாரி கேட்டார்.

"எங்க தராசு," என்றார் முதலாளி. ஏதோ தானே வளர்த்து ஆளாக்கினதுபோல நெஞ்சை நிமிர்த்திக்கொண்டுதான் சொன்னார். அதற்கும் எல்லோரும் சிரித்தார்கள். இந்த முறை அவளும் சிரித்தாள்.

எங்கே படித்தீர்கள் என்று அதிகாரி விசாரித்தார். அடுப்படியில் என்றாள் அவள். அவர் அதை வேடிக்கையாக எடுத்துக்கொள்ளவில்லை. இருவரும் ஓர் உடைந்த பெஞ்சில் உட்கார்ந்து அரைமணி நேரம் பேசினார்கள். கதிர் வீசும் என்று தெரிவதற்கு முன்னால் யுரேனியத்தைக் கண்ணாடிக்கு மஞ்சள் நிறம் ஏற்றப் போட்டார்கள் என்று அவள் படித்திருந்தாள். இரிடியத்துக்கு வானவில்லை வைத்துப் பெயரிட்டார்கள், அதன் உப்புகள் அத்தனை நிறம் காட்டும் என்பது அவளுக்குப் புதுச் செய்தி. கிளம்பும்போது அதிகாரி ஒரு வேண்டுகோள் வைத்தார். இந்த ஊரில் இன்னும் முப்பது கிடங்கு இருக்கிறது; அங்கே சரக்குப் பிரிப்பவர்களுக்கு அவள் வந்து சொல்லித்தர வேண்டும்.

அடுத்த மாதம் ஒரு பெரிய கூடத்தில் அது நடந்தது. மேசைமேல் ஒரே அளவில் நான்கு உலோகத் துண்டுகள்: அலுமினியம், இரும்பு, ஈயம், டங்ஸ்டன். முன்வரிசையில் இருந்த ஒரு கிடங்குக்காரர், நாங்களும் இந்தத் தொழிலில் வயசானவங்கதான், கையால் தூக்கியே கண்டுபிடிக்கிறது எல்லாம் சும்மா பேச்சு என்றார். அவள் அவரை மேடைக்கு அழைத்தாள். அவர் மூன்று துண்டுகளை எடுத்து வைத்தார். நான்காவதைத் தூக்கப் போனவருடைய மணிக்கட்டு மேசையோடு இறங்கியது. கூடம் கொல்லென்று சிரித்தது. மனிதர் கோபப்படவில்லை, துண்டைக் கீழே வைக்காமலே, இதைப் பற்றி முழுசாகச் சொல்லும்மா என்றார்.

அவள் சொல்லத் தொடங்கினாள். முதல் இரண்டு வாக்கியத்தைத் தாளைப் பார்த்துச் சொன்னாள், அப்புறம் தாளைப் பார்க்கவில்லை. கடைசி வரிசையில், சலவை செய்த சட்டையில் உட்கார்ந்திருந்தார் அவள் கணவர். பக்கத்தில் இருந்த யாரோ ஒருவர், அந்தம்மா எந்தக் கல்லூரி என்று மெல்லக் கேட்டார்.

"நம்ம தொழில்தாங்க. சரக்குப் பிரிக்கிறவங்க," என்றார் அவர். அது போதாதென்று பட்டதோ என்னவோ, கொஞ்சம் சத்தமாகவே சேர்த்துச் சொன்னார்:

"என் வீட்டுக்காரி."