மாநிலத்துக்கொரு வரிக்கணக்கு

...ஆக சிட்னிக்கு ஒன்று, மெல்பேர்ணுக்கு ஒன்று, மொத்தம் இரண்டு வரிக்கணக்கு. சிறிதரன் அத்தான் சொன்னால் சரியாகத்தான் இருக்கும், அக்காவைக் கட்டிக்கொண்டு நியூஜெர்சி போனதிலிருந்து உலகத்தில் அவருக்குத் தெரியாத சட்டமில்லை, அவுஸ்திரேலியாவை அவர் கண்ணால் கண்டதில்லை என்பது வேறு விஷயம்... மாநிலம் மாறினவன் மாநிலத்துக்கொரு கணக்குக் காட்டவேணும், இல்லாட்டி வீட்டுக்கு ஆள் வரும் என்று எழுதியிருந்தார். எந்த வீட்டுக்கு? அதையும் எழுதித் தொலைத்திருக்கலாம். வரிக் கந்தோரில் வரிசை நகரவே மாட்டேன் என்கிறது, முன்னால் நிற்பவரின் கோட்டில் நனைந்த நாயின் மணம், சுவரில் 1976 கலண்டர், ஓகஸ்ட் முடியப்போகிறது, நான் இன்னும் ஒரு கணக்குக்கூடக் காட்டவில்லை.

பெப்ரவரி வரைக்கும் சிட்னி, பிறகு இங்கே மெல்பேர்ண். வேலை மாற்றம் என்றுதான் ஊரெல்லாம் சொல்லிவைத்திருக்கிறேன், அந்த மாற்றத்தைக் கேட்டு வாங்கியது நான்தான் என்பது யோகராணிக்கு மட்டும் தெரியும். கட்டின மனுசி, தெரியாமலிருக்குமா? "நீங்கள் போங்கோ, எனக்கு அந்தக் குளிர் சரிவராது" என்றாள். யன்னலைத் திறந்துவிட்டுப் படுக்கிறவள், அவளுக்குக் குளிராம்... போகவேண்டாம் என்று ஒரு சொல் சொல்லியிருந்தால் நின்றிருப்பேன், சொன்னாளா? ரோஷம். எனக்கு மட்டும் இல்லையா ரோஷம், குசினிக்குள் போய் இடியப்ப உரலைத் தூக்கிப் பெட்டிக்குள் வைத்தேன், அவிக்கிற தட்டுகளை மறந்துபோனேன். உரல் இங்கே, தட்டு அங்கே, ஆறு மாதமாக இரண்டு மாநிலத்திலும் இடியப்பம் இல்லை. ஞாயிற்றுக்கிழமை போனில் "சாப்பிட்டாச்சோ?" என்று கேட்பாள், "ஓம்" என்பேன், கடையில் வாங்கின வெறும் பாண் துண்டு என்று சொல்வதில்லை. உரலைப் பற்றி அவளும் கேட்பதில்லை.

கவுண்டரில் இருந்த வெள்ளைக்காரப் பெண்ணிடம் அத்தானின் சட்டத்தை ஒப்பித்தேன். அவள் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி என்னைப் பார்த்தாள், மாநிலத்துக்கென்று இங்கே வருமான வரியே கிடையாது, நீங்கள் எத்தனை ஊர் மாறினாலும் நாட்டுக்கு ஒரே கணக்குத்தான், அதைக் கட்டாயம் காட்டவேண்டும் என்றாள். ஒன்றே ஒன்றுதானா? ஒன்றுதானாம். துள்ளிக் குதித்திருக்கவேண்டும், பாதி வேலை மிச்சம், அத்தானுக்கும் ஒரு கடிதம் எழுதலாம், நல்ல காரமாக... பிறகு ஏன் அவளிடம் இன்னொரு தரம் கேட்டுப்பார்த்தேன், உண்மையாகவே ஒன்றுதானா என்று? இரண்டு என்றால் சிட்னிக் கணக்கில் அங்கே எங்கள் ஹோம்புஷ் வீட்டு விலாசத்தைப் போடலாம் என்று நேற்றே நினைத்துவைத்திருந்தேன், பக்கத்தில் யோகராணியின் பெயரையும், அந்த வீட்டில் இன்னும் இருக்கிறவன் மாதிரி. சீ, இதற்காகவா அத்தானை இத்தனை நாளும் நம்பினேன்?

"சரி, உங்கள் வீடு எங்கே?" என்று பேனாவைத் திறந்துகொண்டு கேட்டாள் அந்தப் பெண். சின்னக் கேள்விதான். பின்னால் நின்ற கிரேக்கக் கிழவியிடம், "நீங்கள் போங்கோ" என்று தமிழிலேயே சொல்லி முன்னே விட்டுவிட்டு, வரிசையின் கடைசியில் போய் நின்றேன்.